வாடகைக்காரரை எழுப்புற டிக்ரி (கோட்டுத் தீர்ப்பாணை) கையில இருந்தும் ஆளை எழுப்பேலாமப் போன கேஸ்கள்: கண்டதைச் சொல்லுங்கோ

உவர்மலை வடக்கு

திருகோணமலை மத்திய வீதிப் பக்கம் ஒரு கடை. வாடகைச் சட்டம் 22ஆம் பிரிவு, வாடகை நிலுவை, வழமையான கதை. 2012 ஜூனில டிக்ரி. அடுத்த வருசம் ரிட்டோட (டிக்ரியை நிறைவேற்றச் சொல்லுற கட்டளை) பிஸ்கால் (அதை நிறைவேற்றுற கோட்டு அலுவலர்) போனார். ஷட்டரைத் திறந்தது வாடகைக்காரர் இல்லை, அவற்ற மச்சான். லாச்சியை இழுத்து, பிளாஸ்டிக் உறையில பத்திரமா வைச்சிருந்த நகரசபை வியாபார அனுமதிப்பத்திரத்தை எடுத்து மேசையில போட்டார். அவற்ற பேர்தான். "அத்தான் விட்டுட்டுப் போய்க் கனகாலம், இப்ப நான் சொந்தமா நடத்துறன்."

பிஸ்கால் தன்ர அறிக்கையில "வேறொருவர் இருக்கிறார், ஒப்படைக்க முடியவில்லை" எண்டு ஒரு வரி எழுதிப்போட்டுத் திரும்பிட்டார். அந்த ஒரு வரிதான் இன்னும் மண்டையைக் குடையுது. ஆர் நிண்டது, என்ன பத்திரம் காட்டினது, ஒண்டும் அதில இல்லை. சொந்தக்காரர் பக்கம் பேசித் தீர்ப்பம் எண்டு இழுத்தாங்கள். 2023 இல புது ரிட் கேட்டா, எதிர்த்தரப்பு லோயர் எழும்பி 337ஆம் பிரிவு, பத்து வருசம் தாண்டிட்டுது எண்டார், அவ்வளவுதான்.

பழைய கோவை

அவ்வளவுதான் எண்டு அவசரப்பட வேண்டாம். குடியியல் நடவடிக்கைமுறைக் கோவையின் 337இல் இரண்டு கணக்கு இருக்கிறது, இரண்டையும் போட்டுக் குழப்புகிறார்கள். டிக்ரிக்கு ஆயுள் பத்து வருடம். கையில் எடுத்த ரிட்டுக்கு ஒரு வருடம். ரிட் செத்தால் டிக்ரி சாகாது. ஒரு வருடம் முடியமுன் புதுப்பிக்கலாம், முடிந்த பிறகும் புது ரிட் கேட்கலாம், ஆனால் எல்லாம் அந்தப் பத்து வருடத்துக்குள்.

பத்து வருடம் எங்கே தொடங்குகிறது என்பதுதான் கேள்வி. மேன்முறையீட்டில் டிக்ரி உறுதியானால் அந்த மேன்முறையீட்டு டிக்ரியின் திகதி. "இன்ன திகதியில் ஒப்படைக்க வேண்டும்" என்று டிக்ரியே சொல்லியிருந்தால், அந்தத் திகதி தவறிய நாள். உங்கள் கடைக் கேஸில் மேன்முறையீடு இருந்ததா?

உவர்மலை வடக்கு

நோட்டீஸ் குடுத்தவை, பிறகு வாபஸ்.

பழைய கோவை

அப்படியானால் அதை நம்ப ஏலாது. உறுதிசெய்த டிக்ரி என்றுதான் பிரிவு கேட்கிறது. வாபஸ் வாங்கிய மேன்முறையீட்டில் உறுதிசெய்ய என்ன இருக்கிறது?

நிலாவெளி ரோட்டு

எங்கட பக்கம் இந்தப் பத்து வருசக் கணக்கில இருந்து யுத்த காலத்தைக் கழிக்க ஏலும்தானே. 2016ஆம் ஆண்டு 5ஆம் இலக்கச் சட்டம், 1983 மே 1 தொடக்கம் 2009 மே 18 வரை. ஏன் ஒருத்தரும் அதைச் சொல்லேல்லை? தெரிஞ்ச ஒரு உவர்மலை வீட்டுக் கேஸில இதை நம்பியே மனுப் போட்டவை.

பழைய கோவை

அது ஆட்சியுரிமைக் காலாவதிக்கான விசேட ஏற்பாடு. காணியை விட்டு ஓடினவரின் இடத்தில் வேறொருவர் இருந்து உரிமை கோருவதைத் தடுக்க வந்தது. அதில் 337ஐத் தொட்டு ஒரு வரியும் இல்லை. அதோடு 2012 டிக்ரிக்கு 2009 வரையான காலத்தைக் கழித்து என்ன பயன்?

கடைக் கேஸ்காரர் பார்க்க வேண்டியது 337(2). தீர்ப்புக் கடனாளி (இங்கே வாடகைக்காரர்) ஏமாற்றியோ பலாத்காரமாகவோ நிறைவேற்றலைத் தடுத்திருந்தால், பத்து வருடம் தாண்டியும் நீதிமன்றம் அனுமதிக்கலாம். அந்தத் தடை, மனுப் போடும் நாளுக்கு முந்திய பத்து வருடத்துக்குள் நடந்திருக்க வேண்டும். மச்சானைக் கொண்டுவந்து இருத்தினது வாடகைக்காரர்தான் என்று காட்டினால் வழி இருக்கிறது. காட்டுவதற்குத்தான் உங்களிடம் ஒற்றை வரி அறிக்கை.

கேட்காமலே சொல்கிறேன், இனி டிக்ரி எடுப்பவர்களுக்கு உதவும். டிக்ரி கிடைத்து ஒரு வருடம் தாண்டினால் 347இன்படி எதிராளிக்கு மனுவைச் சேர்ப்பிக்க வேண்டும், அதிலேயே மாதங்கள் போகும். ஆகவே முதல் வருடத்துக்குள் கேளுங்கள். கேட்க முன்னம் டிக்ரியின் அட்டவணையை (இடத்தின் விபரம்) எடுத்துக்கொண்டு வாசலுக்குப் போய் ஒப்பிடுங்கள். நகரசபை வரிமதிப்பீட்டு இலக்கம் இடையில் மாறியிருந்தால் பிஸ்கால் கதவடியில் நின்று திரும்புவார். முதலில் திருத்த மனு, பிறகு ரிட். பூட்டை உடைக்கவும் பொலிஸ் பாதுகாப்புக்கும் கட்டளையை அதே மோஷனில் (நீதிமன்றத்துக்குக் கொடுக்கும் விண்ணப்பம்) கேளுங்கள், இரண்டாம் தடவை ஓட வேண்டாம்.

போகிற அன்று சொந்தக்காரரோ அவரது ஆளோ கட்டாயம் கூட நிற்க வேண்டும். பூட்டுத் திறக்கிற ஆள், சாமான் ஏற்ற லொறி, புதுப் பூட்டு. உள்ளே யாராவது நின்றால் பெயர், அடையாள அட்டை இலக்கம், எந்த உரிமையில் இருக்கிறார் என்று அவர் சொல்வது, காட்டின பத்திரத்தின் திகதி, எல்லாம் அறிக்கையில் ஏறட்டும். அனுமதிப்பத்திரம் வழக்குப் போட்ட பிறகு எடுத்ததா முன்னமே இருந்ததா என்பதிலேயே பாதி வழக்கு நிற்கும்.

தடை வந்தால் 325ஆம் பிரிவு. ஒரு மாதம்தான், அதற்குள் முறைப்பாட்டு மனு. வாடகைக்காரரையும் தடுத்தவரையும் எதிர்மனுதாரர் ஆக்க வேண்டும். வாடகைக்காரரின் தூண்டுதல் என்று நிரூபித்தால் 326இல் முப்பது நாள் வரை சிறையும் உண்டு. பேசித் தீர்க்கிறதென்றால் மனுவைப் போட்டுவிட்டுப் பேசுங்கள்.

உவர்மலை வடக்கு

அப்ப 325 விட்டதுதான் பிழை எண்டுறீங்களோ?

திருக்கடலூர்ப் பிள்ளை

அதில்லை அண்ணை. 325 தவறினாலும் பத்து வருசத்துக்குள்ள புது ரிட் எடுத்துத் திரும்பப் போயிருக்கலாம். மிச்சம் ஒன்பது வருசம் கிடந்தது.

நான் பார்த்தது வேற மாதிரி. சமாதான டிக்ரி (ரெண்டு தரப்பும் இணங்கி எடுத்தது), 2015 டிசம்பர் 31இல வெளிக்கிடுவன் எண்டு கையெழுத்து. அப்ப கணக்கு அந்த டிசம்பரில தொடங்கும். ஆனா 2018இல வாடகைக்காரர் செத்திட்டார், சொந்தக்காரர் பக்கம் செத்தவற்ற பேரிலேயே ரிட் எடுத்திட்டினம். பிஸ்கால் போக, மகள் அப்பாவின்ர மரணச் சான்றிதழின்ர கொப்பியை நீட்டினா. 341இல வாரிசைச் சேர்த்து எல்லாம் முதலில இருந்து. கடைசி வருசத்தில இப்பிடி மாட்டினா இன்னும் பயம், ஏனெண்டா பத்து வருசத்துக்குப் பிறகு விண்ணப்பத்தை "அனுமதிக்கப்படலாகாது" எண்டுதான் 337 சொல்லுது. விண்ணப்பம் போட்ட திகதியைக் காட்டித் தப்பலாம் எண்டு நம்பி ஒன்பதாவது வருசம் வரை இருக்காதேங்கோ.