கூட்டுப் பட்டா நிலம்: சகோதரி கையொப்பமிடாத கிரய ஒப்பந்தத்தின் மீது வழக்கு நிற்குமா?

பனையடி (கேள்வி):
இரண்டு சகோதரர்கள், ஒரு சகோதரி ஆகிய மூவர் பெயரிலும் கூட்டுப் பட்டாவாக உள்ள 1 ஏக்கர் 80 சென்ட் புன்செய் நிலத்தை 54 லட்சம் ரூபாய்க்கு வாங்க, 2024 மார்ச்சில் சகோதரர்கள் இருவரிடமும் கிரய ஒப்பந்தம் எழுதி 12 லட்சம் முன்பணம் கொடுத்தேன். ஒப்பந்தம் முத்திரைத்தாளில் எழுதப்பட்டதே தவிர, பதிவு செய்யப்படவில்லை. ஆறு மாதக் கெடு செப்டம்பரில் முடிந்தது. சகோதரி கையொப்பமிட மறுக்கிறார். நில மதிப்பு ஏறியபின் சகோதரர்களும் முன்பணத்தை மட்டும் திருப்பித் தருவதாகச் சொல்கிறார்கள். வழக்குப் போட்டால் நிலம் கிடைக்குமா?

வாய்தா:
பதிவு செய்யாததை நினைத்து அஞ்ச வேண்டாம். தமிழ்நாட்டில் 2012 முதல் கிரய ஒப்பந்தங்களுக்குப் பதிவு கட்டாயம் என்றாலும், ஏற்றதை ஆற்றக் கோரும் (ஒப்பந்தப்படி கிரயம் எழுதித் தரச் சொல்லும்) வழக்கில் பதிவாகாத ஒப்பந்தத்தைச் சாட்சியமாக ஏற்கலாம் என்று ஹேமலதா எதிர் கஸ்தூரி வழக்கில் உச்ச நீதிமன்றம் 2023-இல் தீர்ப்பளித்திருக்கிறது. காலவரையறைச் சட்டத்தின் 54-ஆவது கூறுப்படி, ஒப்பந்தத்தில் குறித்த நாளிலிருந்து மூன்று ஆண்டுகளுக்குள், அதாவது 2027 செப்டம்பருக்குள், வழக்குத் தாக்கல் செய்ய வேண்டும்.

சகோதரியின் பங்கைப் பொறுத்தவரை நம்பிக்கைக்கு இடமில்லை. ஒப்பந்தத்தில் சேராதவரைக் கிரயம் எழுதித் தரும்படி எந்த நீதிமன்றமும் கட்டாயப்படுத்தாது. மற்ற இருவருடைய மூன்றில் இரண்டு பங்கைத்தான் கேட்க முடியும். கம்மனா சாம்பமூர்த்தி வழக்கில், வீடு முழுவதும் தன்னுடையது என்று ஒப்பந்தம் போட்ட கணவருக்குப் பாதிப் பங்குதான் உண்டு என்று தெரிந்தபோது, அந்தப் பாதிக்கு வாங்குபவர் பக்கம் தீர்ப்பானது.

கரிசல்:
முந்தைய பதிலில் ஒரு பாதிதான் இருக்கிறது. பெம்மாட பிரபாகர் வழக்கில் மகன்கள் மட்டும் ஒப்பந்தம் செய்து, தாயும் சகோதரிகளும் சேராதபோது, உச்ச நீதிமன்றம் ஒப்பந்தத்தை நிறைவேற்ற உத்தரவிட மறுத்துவிட்டது. ஆகவே உங்கள் ஒப்பந்த வாசகம் முக்கியம்: சகோதரர்கள் தாங்களே முழு உரிமையாளர்கள் என்று எழுதினார்களா, சகோதரியைச் சேர்த்து எழுதித் தருவதாக ஏற்றார்களா?

இரண்டு பங்கே கிடைத்தாலும் வேலி போட்டுக்கொள்ள முடியாது. பிரிபடாத பங்குதான் கைக்கு வரும். சொத்து மாற்றுச் சட்டத்தின் 44-ஆவது பிரிவு தருவது, பாகப்பிரிவினை கேட்கும் உரிமை. அதற்கு இன்னொரு வழக்கு.

மேட்டுக்காடு:
நான் இப்படியொரு வழக்கை நடத்தித் தோற்றவன் என்பதால் சொல்கிறேன். ஒப்பந்தத்தை விட்டுவிட்டு, என்னிடம் மீதிப் பணம் இருந்ததா என்றுதான் குறுக்கு விசாரணை முழுவதும் போயிற்று. கெடு முடிந்தும் ஓராண்டு வரை நான் ஒரு வழக்கறிஞர் அறிவிப்புக்கூட அனுப்பவில்லை. வங்கிக் கணக்கிலும் போதிய இருப்பு இல்லை. இத்தகைய வழக்குகளுக்கான குறிப்பிட்ட நிவாரணச் சட்டத்தின் (Specific Relief Act) 2018 திருத்தத்துக்குப் பிறகு தீர்ப்பு தானாகக் கிடைக்கும் என்று பலர் நினைக்கிறார்கள். ஒப்பந்தத்தை நிறைவேற்ற எப்போதும் ஆயத்தமாகவும் விருப்பமாகவும் இருந்ததை வாதி மெய்ப்பிக்க வேண்டும் என்ற 16(சி) பிரிவை அந்தத் திருத்தம் நீக்கவில்லை.

பனையடி:
ஒப்பந்தத்தில் "சகோதரியையும் சேர்த்துக் கிரயம் எழுதித் தருவோம்" என்ற வரி இருக்கிறது. அறிவிப்பு இன்னும் அனுப்பவில்லை.

கரிசல்:
அந்த வரி இரு பக்கமும் வெட்டும். சகோதரர்கள் பொறுப்பேற்றதற்கு அது சான்று. சகோதரிக்குப் பங்கு இருப்பதை அறிந்தே நீங்கள் ஒப்பந்தம் செய்தீர்கள் என்பதற்கும் அதுவே சான்று. அதே நிவாரணச் சட்டத்தின் 12(3) பிரிவின் கீழ் இரண்டு பங்கை மட்டும் கேட்டால், மீதிப் பங்கையும் அதற்கான இழப்பீட்டையும் விட்டுக்கொடுக்க வேண்டியிருக்கும்.

வாய்தா:
இந்த வாரமே அறிவிப்பு அனுப்புங்கள். மீதிப் பணத்துக்கான வங்கிக் கணக்கு விவரத்தையும் பத்திரப்படுத்துங்கள். வழக்குரையில் மாற்றுப் பரிகாரமாக முன்பணத்தை வட்டியுடன் திருப்பித் தரும்படி தவறாமல் கேளுங்கள். கேட்காமல் விட்டால், அந்தச் சட்டத்தின் 22-ஆவது பிரிவின்படி நீதிமன்றம் அதை வழங்காது, பிறகு வழக்குரையைத் திருத்த அலைய வேண்டும். முழு ஒப்பந்தத்தையும் நிறைவேற்றக் கேட்டால் நீதிமன்றக் கட்டணம் கிரயத் தொகையில் 3 சதவீதம், அதாவது 1,62,000 ரூபாய் என்பதையும் முன்கூட்டியே கணக்கில் வையுங்கள்.