ஆண்டு நடுவில் ஓய்வு: சம்பளத்துக்கு ஒரு படிவம் 16, பென்ஷனுக்கு ஒன்று. இரண்டிலும் வரி பூஜ்யம், கூட்டினால் 23,190 ரூபாய் கேட்கிறது. உதவி தேவை

கேட்பவர்: வெலிங்டன் நாயப் (ஜூலை 2025)

அனைவருக்கும் வணக்கம். மெட்ராஸ் ரெஜிமென்ட்டில் நாயப் சுபேதாராக இருந்து 2024 நவம்பர் 30 அன்று ஓய்வு பெற்றேன். டிசம்பர் முதல் ஸ்பர்ஷ் (பாதுகாப்புத் துறையின் பென்ஷன் தளம்) வழியாகப் பென்ஷன் வருகிறது. சர்வீஸில் இருந்தவரை வருமான வரிக் கணக்கை யூனிட்டில் யாராவது போட்டுக் கொடுப்பார்கள். இந்த வருடம்தான் நானே உட்கார்ந்திருக்கிறேன்.

பென்ஷனுக்கான படிவம் 16 (ஆண்டு வருமானமும் பிடித்த வரியும் காட்டும் சான்றிதழ்) ஸ்பர்ஷ் தளத்திலேயே கிடைத்துவிட்டது. டிசம்பர் முதல் மார்ச் வரை 1,14,000 ரூபாய், வரிப் பிடித்தம் இல்லை. ஏப்ரல் முதல் நவம்பர் வரையிலான சம்பளத்துக்குத்தான் படிவம் கையில் இல்லை. அதைத் தரும் ராணுவத்தின் ஹம்ராஸ் செயலியில் பதிவாகியிருப்பது ஜம்முவில் இருந்தபோது வாங்கிய சிம் எண். வெளி மாநில ப்ரீபெய்டு அங்கே ஓடாது என்பதால் வாங்கியது, ஊருக்கு வந்ததும் அதை விட்டுவிட்டேன். ஓ.டி.பி. வந்தால்தானே உள்ளே போக முடியும்? கையில் இருக்கும் பே ஸ்லிப்புகளைக் கூட்டினால் சம்பளம் 6,84,000 வருகிறது. அதிலும் எட்டு மாதமும் வரி பிடிக்கவில்லை.

இரண்டிலும் பூஜ்யம் என்று நிம்மதியாக இருந்தேன். வரித்துறைத் தளத்தில் இரண்டையும் சேர்த்துப் போட்டதும் 23,190 ரூபாய் வரி, அதற்கு மேல் வட்டி என்று காட்டுகிறது. இது எப்படி? ஓய்வின்போது வந்த கிராஜுவிட்டி (பணிக்கொடை), கம்யூட்டேஷன் (பென்ஷனில் ஒரு பகுதிக்கு ஈடாக மொத்தமாக வாங்கும் தொகை) பணத்துக்கும் வரி கேட்பார்கள் என்று மச்சான் வேறு பயமுறுத்துகிறார்.

பதில் 1: ஓய்வு பெற்ற கிளார்க்

சாப், முதலில் படிவம் விஷயம். ஜவான்கள், ஜே.சி.ஓ.க்களின் (நாயப் சுபேதார், சுபேதார் போன்றவர்களின்) சம்பளக் கணக்கு அந்தந்த ரெஜிமென்ட் சென்டரை ஒட்டிய பி.ஏ.ஓ.வில் (சம்பளக் கணக்கு அலுவலகத்தில்) இருக்கும். உங்களுக்கு அது வெலிங்டன். யாராவது புனேவுக்கு எழுதச் சொன்னால் கேட்காதீர்கள், அது அதிகாரிகளின் சம்பளத்தைப் பார்க்கும் இடம். விமானப்படைக்கு டெல்லியில் தனி அலுவலகம்.

ராணுவ எண், பான், டிஸ்சார்ஜ் தேதி, இப்போதைய முகவரி, போன் எண் எல்லாம் எழுதி, டிஸ்சார்ஜ் புத்தகத்தின் நகலோடு பதிவுத் தபாலில் அனுப்புங்கள். கடிதத்தில் ‘2024-25 நிதியாண்டு, ஏப்ரல் முதல் நவம்பர் வரை’ என்று தெளிவாக இருக்கட்டும். வெறுமனே ‘படிவம் 16 வேண்டும்’ என்று எழுதினால் எந்த வருடம் என்று கேட்டே ஒரு கடிதம் திரும்பி வரும்.

பதில் 2: கணக்குப்பிள்ளை

கிளார்க் ஐயா சொன்ன வழி சரிதான். ஆனால் அந்தத் தபாலுக்காகக் கணக்கு தாக்கல் செய்வதை நிறுத்தி வைக்க வேண்டாம். படிவம் 16-ஐக் கணக்கோடு இணைக்கும் வழக்கமே இப்போது இல்லை. சட்டப்படி அது வரி பிடித்ததற்கான சான்றிதழ். வரியே பிடிக்காதபோது கொடுத்தாக வேண்டும் என்ற கட்டாயமும் இல்லை, பல அலுவலகங்கள் கொடுத்துவிடுகின்றன, அவ்வளவுதான். வரித்துறைத் தளத்தில் 26ஏஎஸ் (பிடித்த வரி), ஏ.ஐ.எஸ். (ஆண்டு வருமானத் தகவல்) என்று இரண்டு அறிக்கைகள் உங்கள் பெயரில் இருக்கும். ஏ.ஐ.எஸ்.ஸில் சம்பளத் தொகை வந்திருந்தால் பே ஸ்லிப் கூட்டலோடு ஒப்பிட்டுப் பாருங்கள். ஒத்துப்போனால் போதும்.

இனி 23,190-க்கு வருவோம். யாரும் தப்புச் செய்யவில்லை. இரண்டு அலுவலகங்களும் தனித்தனியாக உங்களைப் பார்த்ததால் வந்தது இது.

சம்பளம் போட்டவர்களுக்கு நீங்கள் 6,84,000 ரூபாய் ஆள். புதிய வரி முறையில் நிலையான கழிவு 75,000. மீதி 6,09,000. அந்த ஆண்டில் 7 லட்சம் வரை வரியை முழுதாக நீக்கும் 87ஏ தள்ளுபடி உண்டு, ஆகவே வரி இல்லை. பென்ஷன் போட்டவர்களுக்கு நீங்கள் 1,14,000 ரூபாய் ஆள். அவர்களும் அதே 75,000-ஐக் கழித்துப் பார்த்து வரி இல்லை என்றார்கள். ஒரே வீட்டில் இரண்டு ரேஷன் கார்டு வைத்துச் சர்க்கரை வாங்கிய கதைதான். வரித்துறை உங்களை ஒரே ஆளாகப் பார்க்கிறது: மொத்தம் 7,98,000, கழிவு ஒரே ஒரு முறை 75,000, மீதி 7,23,000. தள்ளுபடி எல்லையைத் தாண்டிவிட்டீர்கள். 3 முதல் 7 லட்சம் வரை 5 சதவீதம், அதாவது 20,000. மேலே உள்ள 23,000-க்கு 10 சதவீதம், 2,300. செஸ் (வரி மேல் வரி) 4 சதவீதம் சேர்த்தால் 23,190.

வரி பாக்கி 10,000-ஐத் தாண்டினால் அதை முன்கூட்டியே கட்டாததற்காக 234பி, 234சி பிரிவுகளில் வட்டியும் உண்டு. ஜூலைக்குள் கட்டினால் இரண்டும் சேர்ந்து 2,100 ரூபாய்க்குப் பக்கத்தில் வரும். ஆகஸ்ட் பிறந்தால் இன்னொரு மாத வட்டி ஏறும்.

பதில் 3: பாசறைத் தம்பி

அண்ணே, 7 லட்சத்துக்கு மேலே இருப்பது வெறும் 23,000 தானே? அதுக்கு மட்டும் 10 சதவீதம் கட்டினால் போதாதா? எங்கள் யூனிட்டில் எல்லோரும் அப்படித்தான் சொல்கிறார்கள்.

பதில் 4: கணக்குப்பிள்ளை

இல்லை தம்பி. எல்லையைத் தாண்டியதும் தள்ளுபடி முழுசாகப் போய்விடும். எல்லையை ஒட்டி இருப்பவர்களுக்கு மட்டும் ஒரு சலுகை: 7 லட்சத்துக்கு மேல் எவ்வளவு சம்பாதித்தீர்களோ, அதைவிட வரி கூடக் கூடாது. 7,10,000 வருமானம் என்றால் வரி 21,000 வராது, 10,000-தான். சாப் விஷயத்தில் கூடுதல் 23,000, வரி 22,300. வரி குறைவாகவே இருப்பதால் சலுகை பொருந்தாது. வருமானம் இன்னும் ஓராயிரம் குறைந்திருந்தால்கூடக் கொஞ்சம் கிடைத்திருக்கும்.

சாப், இரண்டு கேள்வி. பணியின்போது ஃபீல்டு ஏரியாவில் (களப் பகுதியில்) எத்தனை மாதம்? வீட்டுக் கடன் ஏதாவது உண்டா?

வெலிங்டன் நாயப்

செப்டம்பர் வரை ஃபீல்டில்தான், ஆறு மாதம். அப்புறம் சென்டருக்கு வந்துவிட்டேன். ஊரில் வீடு கட்டக் கடன் வாங்கியிருந்தேன், வீடு முடிந்து பெற்றோர் குடியிருக்கிறார்கள். ஜனவரியில் ஓய்வுப் பணம் வந்ததும் கடனை மொத்தமாக அடைத்துவிட்டேன். வங்கி கொடுத்த சான்றிதழில் அந்த ஆண்டின் வட்டி 91,000 என்று இருக்கிறது. ஏ.எஃப்.பி.பி. ஃபண்டில் (ராணுவத்தாரின் சேமநிதி) மாதம் 10,000 போட்டேன், ஏ.ஜி.ஐ. (ராணுவக் குழுக் காப்பீடு) பிடித்தமும் உண்டு. மீதிப் பணம் மார்ச் வரை சேவிங்ஸ் கணக்கில்தான் கிடந்தது.

பதில் 5: கணக்குப்பிள்ளை

அப்படியானால் நிறையக் கழிவுகள் கிடைக்கும் பழைய வரி முறையைப் போட்டுப் பார்க்காமல் வரிச் சலான் கட்டாதீர்கள்.

7,98,000-இல் ஃபீல்டு ஏரியா அலவன்ஸுக்கான விலக்கு மாதம் 2,600. ஆறு மாதத்துக்கு 15,600. நீங்கள் வாங்கிய அலவன்ஸ் அதைவிட அதிகமாக இருக்கும், ஆனால் வருமான வரி விதி 2பிபி பல வருடங்களாக அந்த எண்ணிலேயே நிற்கிறது. மாடிஃபைடு ஃபீல்டு என்றால் 1,000 மட்டும், ஆகவே பே ஸ்லிப்பில் எந்தப் பெயரில் வந்தது என்று பாருங்கள். கவுண்டர் இன்சர்ஜென்சி (கிளர்ச்சி எதிர்ப்புப் பணி) என்றிருந்தால் 3,900. இவை எதுவும் புதிய முறையில் கிடையாது. எம்.எஸ்.பி. (ராணுவப் பணி ஊதியம்) 5,200 எந்த முறையிலும் வரிக்கு உட்பட்டதே.

நிலையான கழிவு பழைய முறையில் 50,000. சேமிப்புக்கான 80சி பிரிவில் ஏ.எஃப்.பி.பி., ஏ.ஜி.ஐ., வீட்டுக் கடனில் திருப்பிய அசல் மூன்றும் சேர்ந்து 1,50,000 உச்சவரம்பைத் தாராளமாகத் தொடும். ஜனவரியில் மொத்தமாக அடைத்த அசலும் இதில் கணக்கு. கடன் வட்டி 91,000.

7,98,000-இலிருந்து 15,600, 50,000, 91,000, 1,50,000 கழித்தால் 4,91,400. பழைய முறையில் 5 லட்சம் வரை 87ஏ தள்ளுபடி. வரி பூஜ்யம். வரி இல்லை என்றால் வட்டியும் இல்லை. மாடிஃபைடு ஃபீல்டாக இருந்தால் 5 லட்சத்தைத் தாண்டுமா என்பதைக் கணக்கில் ஒருமுறை பார்த்துக்கொள்ளுங்கள்: 15,600-க்குப் பதில் 6,000, ஆக 5,01,000 வருகிறது. தாண்டிவிடுகிறது! அதனால் அந்த ஒரு வரிதான் முக்கியம், பே ஸ்லிப்பை எடுத்து வைத்துப் பாருங்கள். தாண்டினால் 1,000 ரூபாய்க்காகத் தள்ளுபடியே போய்விடும், பழைய முறையில் அந்த விளிம்புச் சலுகையும் இல்லை.

இதில் தேதிதான் கத்தி. பழைய முறை வேண்டும் என்று கணக்கிலேயே தேர்ந்தெடுக்கலாம், தனிப் படிவம் தேவையில்லை, ஆனால் கெடு தேதிக்குள் தாக்கல் செய்தால் மட்டுமே. இந்த ஆண்டுக்குக் கெடு ஜூலை 31-இலிருந்து செப்டம்பர் 15-க்குத் தள்ளிப்போயிருக்கிறது. கெடு தாண்டிப் போட்டால் புதிய முறைதான், 23,190-தான்.

இந்த ஆண்டு ஐ.டி.ஆர். 1 கணக்குப் படிவத்தில் கடன் வட்டிக்கு வெறும் தொகையைப் போட்டால் ஏற்காது. கடன் கொடுத்த வங்கி, கணக்கு எண், கடன் அனுமதியான தேதி எல்லாம் கேட்கும். வட்டிச் சான்றிதழைப் பக்கத்தில் வைத்துக்கொண்டு உட்காருங்கள்.

வெலிங்டன் நாயப்

பே ஸ்லிப்பைப் பார்த்தேன், மாடிஃபைடு இல்லை, ஃபீல்டு ஏரியாதான். நன்றி ஐயா. மச்சான் கேள்விக்கும் பதில் சொல்லிவிடுங்கள், வீட்டில் தினமும் அதே பேச்சு.

பதில் 6: கணக்குப்பிள்ளை

மச்சானிடம் சொல்லுங்கள்: ராணுவத்தாருக்கு ஓய்வு கிராஜுவிட்டி 10(10), கம்யூட்டேஷன் 10(10ஏ), விடுப்புக்கு ஈடான பணம் 10(10ஏஏ) பிரிவுகளில் முழு விலக்கு. ஏ.எஃப்.பி.பி. தொகைக்கும் வரி இல்லை.

இங்கேதான் நிறையப் பேர் இடறுகிறார்கள். இந்தத் தொகைகள் விலக்கு என்றதும், ஐ.டி.ஆரில் விலக்கு கட்டத்தில் போட்டு மொத்தச் சம்பளத்திலிருந்து கழித்துவிடுகிறார்கள். உங்கள் 6,84,000-இல் அவை சேரவே இல்லை. சேராததைக் கழித்தால் வருமானம் பொய்யாகக் குறைந்து, பின்னால் நோட்டீஸ் வரும். காட்ட விரும்பினால் மொத்தத்திலும் கூட்டி, விலக்கிலும் கழியுங்கள். பி.ஏ.ஓ. அனுப்பும் படிவத்தின் பகுதி பி-யில் விடுப்புப் பணம் மொத்தத்தில் சேர்ந்திருந்தால் மட்டும் அங்கேயே கழித்தும் இருக்கும், அதை அப்படியே எடுங்கள்.

அப்புறம் சேவிங்ஸ் வட்டி. ஏ.ஐ.எஸ்.ஸில் கட்டாயம் இருக்கும், விடாமல் காட்டுங்கள். பழைய முறையில் 80டிடிஏ பிரிவில் 10,000 வரை கழியும் என்பதால் 4,91,400 மாறாது. வட்டி 10,000-க்கு மேல் போனால் 5 லட்சத்துக்குக் கீழே இன்னும் 8,600 ரூபாய்தான் இடம் இருக்கிறது.

பதில் 7: ஆம்பூர் மகன்

இடையில் நுழைவதற்கு மன்னிக்கவும். அப்பா ராணுவத்தில் இருந்து ஓய்வு பெற்றவர், போன வருடம் காலமானார். அம்மாவுக்குக் குடும்பப் பென்ஷன். அதற்கும் இந்த 75,000 உண்டா?

பதில் 8: கணக்குப்பிள்ளை

கிடையாது தம்பி. குடும்பப் பென்ஷன் சம்பளத் தலைப்பில் வராது, ‘பிற வருமானம்’ தலைப்பில் காட்ட வேண்டும். மூன்றில் ஒரு பங்கு அல்லது 25,000, எது குறைவோ அது கழியும். பழைய முறையில் அந்த 25,000 என்பது 15,000. அப்பா உயிரோடு இருந்த மாதங்களின் பென்ஷன் அவர் பானில், சட்ட வாரிசாக நீங்கள் தனியாகத் தாக்கல் செய்ய வேண்டும். இரண்டையும் அம்மா கணக்கில் சேர்த்துவிடாதீர்கள். களத்தில் வீரமரணம் அடைந்தவர்களின் குடும்பப் பென்ஷனுக்கு 10(19) பிரிவில் விலக்கு உண்டு, உங்கள் விஷயத்தில் அது பொருந்தாது.

பதில் 9: ஓய்வு பெற்ற கிளார்க்

சாப், பி.ஏ.ஓ. பதில் வந்ததும் அதில் பான் சரியாக இருக்கிறதா என்று பாருங்கள். ஒரு எழுத்து மாறினாலும் 26ஏஎஸ்ஸில் அந்தச் சம்பளம் உங்கள் பெயரில் விழாது. ஏப்ரலில் ஏதாவது வங்கியில் காவலர் வேலைக்குச் சேர்ந்திருந்தால் பென்ஷன் விவரத்தை அங்கேயும் கொடுத்துவிடுங்கள். 2025-26-க்குப் புதிய முறையில் தள்ளுபடி எல்லை 12 லட்சம் என்பதால் பெரும்பாலும் சிக்கல் வராது, ஆனாலும் அவர்கள் கணக்கில் நீங்கள் ஒரே ஆளாக இருப்பது நல்லது.

வெலிங்டன் நாயப்

இன்று பழைய முறையில் தாக்கல் செய்தாகிவிட்டது, வரி பூஜ்யம். ஆதார் ஓ.டி.பி. மூலம் சரிபார்ப்பும் முடிந்தது.

பதில் 10: கணக்குப்பிள்ளை

நல்லது. 30 நாளுக்குள் சரிபார்க்காவிட்டால் சரிபார்க்கும் நாளே தாக்கல் செய்த நாளாகிவிடும், அது கெடுவைத் தாண்டினால் கெடு தவறிய கணக்குதான். சரிபார்ப்பு முடிந்ததே பெரிய விஷயம். பே ஸ்லிப், கடன் வட்டிச் சான்றிதழ், ஏ.எஃப்.பி.பி. அறிக்கை மூன்றையும் நகலெடுத்து ஒரே கோப்பில் போட்டு வையுங்கள். 1,50,000-உம் 91,000-உம் கழித்த கணக்கு என்பதால் துறை ஆதாரம் கேட்க வாய்ப்பு உண்டு.