வேலைநீக்க வழக்கு: நெல்லைப் பக்கத்து அனுபவங்கள்

அம்பாசமுத்திரம், மில் சங்கம்

நூற்பாலை வழக்குகள் பலதும் சார்ஜ் மெமோ (குற்றச்சாட்டை எழுதி நிர்வாகம் கொடுக்கிற தாள்) வந்த முதல் வாரத்திலேயே தோத்துப் போகுது. "தெரியாம நடந்துட்டு, மன்னிச்சுக்கிடுங்க"ன்னு சூப்பர்வைசர் சொல்லச் சொல்ல எழுதிக் கொடுத்திருப்பாங்க. நிர்வாகமே நடத்துற உள்விசாரணையில அந்த ஒத்த வரிதான் ஒப்புதல் வாக்குமூலம். முதல் பதில்ல மூணு விஷயம் போதும்: குற்றச்சாட்டை மறுக்கிறேன், ஆவண நகல் வேணும், நகல் கிடைச்சதும் விரிவாப் பதில் தருவேன். நம்ம நகல்ல ஆபீஸ் சீலும் தேதியும் வாங்கணும். போட மறுத்தா ஸ்பீட் போஸ்ட்ல அனுப்பி, ரசீதை நகலோட சேர்த்துக் குத்தி வைக்கணும்.

சஸ்பென்ஷன்ல இருந்தா, அந்தக் காலத்துக்குத் தர வேண்டிய பிழைப்பூதியத்தை மாசாமாசம் எழுத்துல கேளுங்க. தமிழ்நாட்டின் 1981 சட்டக் கணக்குப்படி முதல் 90 நாளுக்குப் பாதி, அடுத்த 90 நாளுக்கு முக்கால், 180 நாள் தாண்டினா முழுச் சம்பளம். அதைக் கொடுக்காம பட்டினி போட்டு நடத்துற விசாரணையைக் கோர்ட்ல உடைக்க முடியும். ஆனா கேட்டதுக்குச் சான்று இருக்கணும்.

பாளையங்கோட்டை வக்கீல்

அண்ணாச்சி சொன்னதோடு தேதிக் கணக்கையும் சேர்த்துக்கிடுங்க. பழைய 1947 தொழில் தகராறுச் சட்டத்தில் வேலைநீக்கத்தை எதிர்க்க 3 ஆண்டு இருந்தது. 2025 நவம்பர் 21-இல் புதிய தொழில் உறவுச் சட்டத் தொகுப்பு அமலுக்கு வந்துவிட்டது. தகராறு எழுந்து 2 ஆண்டு கடந்தால், இரு தரப்பையும் பேச வைக்கும் அரசின் சமரச அலுவலர் அதை எடுக்க முடியாது. சமரசம் முறிந்த அறிக்கை கைக்கு வந்து 90 நாளுக்குள் தீர்ப்பாயத்தில் மனு போட வேண்டும். அறிக்கை வந்த கவரைக் கிழித்துப் போடாதீர்கள். அறிக்கை எப்போது கைக்கு வந்தது என்பதற்கு அதில் உள்ள தபால் முத்திரை சான்றாகும்.

மனுவில் "நீக்கப்பட்ட நாள் முதல் வேறு வருமானம் தரும் வேலையில் இல்லை" என்ற வரி கட்டாயம் வேண்டும். சாட்சியம் சொல்லும்போதும் அதையே சொல்ல வேண்டும். சொன்னபின், வேறு வேலையில் இருந்தார் என்று நிரூபிப்பது நிர்வாகத்தின் பாடு என்று 2013-இல் உச்ச நீதிமன்றம் தெளிவாக்கியது. இந்த வரி விடுபட்டதால் வேலை மட்டும் திரும்பக் கிடைத்து, வேலை இல்லாமல் இருந்த காலத்துக்கான பின்சம்பளம் கிடைக்காமல் போனவர்கள் உண்டு. அது பெரிய அநியாயம்.

முக்கூடல், பீடிச் சங்கம்

எங்க பக்கம் சிக்கலே வேற. "இந்தம்மா எங்க தொழிலாளியே இல்லை" என்பதுதான் கம்பெனியின் முதல் பதில். வீட்டுல இருந்து பீடி சுத்துறவங்களும் தொழிலாளிதான், பி.எஃப். உண்டுன்னு 1985-லயே உச்ச நீதிமன்றம் சொல்லியாச்சு. அதனால சட்டம் இடிக்கிறதில்ல, யாரு பேருல பீடி சுத்தினதுன்னு பதியுற பாஸ்புக்குதான் இடிக்குது. அடுத்தவுக புக்குல சுத்தின வருஷங்களைக் கிராஜுவிட்டி (பணிக்கொடை) கணக்குல சேர்க்கிறது ரொம்பப் பாடு. பி.எஃப். எண், பீடித் தொழிலாளர் அடையாள அட்டை, இங்குள்ள பீடி ஆஸ்பத்திரிச் சீட்டு, பிள்ளைக்கு வாங்கின கல்வி உதவித்தொகைத் தாள் எல்லாமே சாட்சி. இலை, தூள் வாங்கின கணக்குத் துண்டுச்சீட்டைக்கூட வருஷவாரியா அடுக்கி வைங்கக்கா. எண்ணிக்கைக்குக் கூலி வாங்குற பீஸ் ரேட்காரங்களுக்குக் கடைசி 3 மாசச் சராசரியை வச்சுத்தான் கிராஜுவிட்டிக்குத் தினக்கூலி போடுவாங்க. வேலையை விடப்போற நேரத்துல ஏஜென்ட் இலையைக் குறைச்சா, தொகையும் குறையும்.

அம்பாசமுத்திரம், மில் சங்கம்

கூலி ஒப்பந்தத்துக்கும் ஒண்ணு சொல்லணும். நிர்வாகமும் ஒரு சங்கமும் தனியா உட்கார்ந்து போடுறது கையெழுத்துப் போட்டவங்களைத்தான் கட்டும். சமரச அலுவலர் முன்னால போட்டாத்தான், பழைய சட்டத்துல 12(3)ன்னு சொல்லுவோமே, அது சங்கத்துல சேராதவரையும் நாளைக்கு வேலைக்கு வர்றவரையும் கட்டும்.

பாளையங்கோட்டை வக்கீல்

தீர்ப்பு சாதகமாக வந்தால் நிர்வாகம் உயர் நீதிமன்றத்தின் மதுரைக் கிளைக்குப் போய்த் தடை கேட்கும். நகல் கிடைத்த அன்றே கேவியட் (எங்களைக் கேட்காமல் தடை தரக் கூடாது என்ற முன்மனு) போடுங்கள். அதற்கு ஆயுள் 90 நாள்தான். முடியும் முன் மறுபடி போட வேண்டும்.