ஜிஸ்ட்ரீமர் 1.24 நிறுவியும் பழைய லைப்ரரிதான் லோட் ஆகிறது

வெள்ளவத்தை_வீடியோ:
மண்டப நிகழ்ச்சிகளை நேரடியாக ஒளிபரப்பும் சேர்வர், உபுண்டு 22.04. அதோடு வருவது ஜிஸ்ட்ரீமர் (வீடியோ, ஒலியைக் கையாளும் மென்பொருள் தொகுதி) 1.20.3. எங்களுக்கு 1.24 வேண்டும் என்பதால் சோர்ஸை மெசன் என்ற பில்ட் கருவியில் கொம்பைல் செய்து /யுஎஸ்ஆர்/லோக்கலில் நிறுவி, புதிய பிளகின் ஃபோல்டரை ஜிஎஸ்டி_பிளகின்_பாத்திலும் கொடுத்தாயிற்று. பிளகின்களைப் பட்டியலிடும் ஜிஎஸ்டி-இன்ஸ்பெக்ட்-1.0 ஓட்டினால் பல பிளகின்களுக்கு 'அன்டிஃபைன்ட் சிம்பல்'. எச்.264 வீடியோவாக மாற்றும் எக்ஸ்264என்க் அறவே இல்லை. லிப்ஜிஸ்ட்ரீமர்-1.0.எஸ்ஓ.0 என்ற லைப்ரரிக் கோப்பை மட்டும் இறக்கிப் போடும்படி ஒரு தளத்தில் இருக்கிறது. போடலாமா?

லிங்கர்:
வேண்டவே வேண்டாம். யார் கொம்பைல் செய்தது, எந்த ஜிலிப் (ஜிஸ்ட்ரீமருக்கு அடிப்படையான லைப்ரரி) பதிப்போடு செய்தது என்று தெரியாத கோப்பு அது. சரியான கோப்பு உங்கள் மெஷினிலேயே இருக்கிறது, நிரல் தொடங்கும்போது லைப்ரரிகளைத் தேடி எடுக்கும் லோடர்தான் அதை எடுக்கவில்லை.

1.x வரிசை முழுக்க எஸ்ஓநேம் (லோடர் தேடும் பெயர்) ஒன்றே: கடைசியில் .எஸ்ஓ.0. ஆகவே 1.20ஐயும் 1.24ஐயும் பெயரை வைத்து லோடரால் பிரித்தறிய முடியாது, முதலில் அகப்படுவதை எடுத்துக்கொள்ளும். உண்மையான பதிப்பைப் பார்க்க அந்தப் பெயரிலுள்ள சிம்லிங்க் (வேறு கோப்பைக் காட்டும் குறி) எங்கே போகிறது என்று பாருங்கள்: .எஸ்ஓ.0.2003.0 என்றால் 1.20.3, .எஸ்ஓ.0.2402.0 என்றால் 1.24.2.

ஜிஎஸ்டி-இன்ஸ்பெக்ட்-1.0க்கு --வெர்ஷன் கொடுங்கள். முதல் வரி அந்தக் கருவியின் பதிப்பு, இரண்டாவது வரி அது லோட் செய்த லைப்ரரியின் பதிப்பு. இரண்டும் வேறாக இருந்தால் நோய் இதுதான். புதிய பிளகின் பழைய கோரில் (ஜிஸ்ட்ரீமரின் மைய லைப்ரரி) இல்லாத ஃபங்ஷனைத் தேடுகிறது. தேடாவிட்டாலும், தன்னைவிடப் புதிய மைனர் பதிப்புப் பிளகினைக் கோர் ஏற்காது. பழைய பிளகின், புதிய கோர் என்றால் பிரச்சினை இல்லை.

சூடோ எல்டிகான்ஃபிக் ஒருதரம் ஓட்டுங்கள். உபுண்டுவின் லோடர் பட்டியலில் /யுஎஸ்ஆர்/லோக்கல்/லிப் ஏற்கெனவே இருக்கிறது, கேஷ்தான் பழையது, இந்தக் கட்டளை அதைப் புதுப்பிக்கும். பிறகு ~/.கேஷ்/ஜிஸ்ட்ரீமர்-1.0 இலுள்ள ரெஜிஸ்ட்ரி (பிளகின் பட்டியல்) கோப்பை அழியுங்கள், அடுத்த ஓட்டத்தில் தானே உருவாகும்.

கொட்டாஞ்சேனை_கேபிள்:
லிங்கர் சொன்ன காரணம் சரி, மருந்துதான் பிடிக்கவில்லை. எல்டிகான்ஃபிக் ஓட்டியதும் சிஸ்டத்தில் ஜிஸ்ட்ரீமர் பாவிக்கும் மற்ற எல்லாமே 1.24 கோரை எடுக்கும். பிளகின் ஃபோல்டரின் முகவரி கோருக்குள்ளேயே எழுதப்பட்டிருப்பதால், உபுண்டுவின் ஏபிடி வழியாகப் போட்ட பிளகின்கள் அவற்றின் கண்ணில் படாது.

முதலில் பழைய பில்ட் ஃபோல்டரிலிருந்தே நிஞ்சா அன்இன்ஸ்டால் கொடுத்து /யுஎஸ்ஆர்/லோக்கலைத் துப்புரவாக்குங்கள். அடுத்து --ப்ரிஃபிக்ஸ்=/ஆப்ட்/ஜிஎஸ்டி124 --லிப்டிர்=லிப் என்று தனி ஃபோல்டரில் புதிதாகக் கட்டுங்கள். உங்கள் நிரலைத் தொடக்கும் ஸ்கிரிப்டில் மட்டும் எல்டி_லைப்ரரி_பாத்தையும் (லோடர் முதலில் தேடும் ஃபோல்டர்) பாத்தையும் (கட்டளைகளைத் தேடும் ஃபோல்டர்) வையுங்கள். பைதான் என்றால் ஜிஐ_டைப்லிப்_பாத்தும் (பைதான் இணைப்புக் கோப்புகளின் இடம்) வேண்டும். ஜிஎஸ்டி_பிளகின்_பாத்தை எடுத்துவிடுங்கள், இனி அது தேவையில்லை. ஜிஎஸ்டி_ரெஜிஸ்ட்ரிக்கு வேறொரு கோப்பு கொடுத்தால் இரண்டு பதிப்பும் ஒரே கேஷை மாறிமாறி எழுதிக்கொண்டிருக்காது.

டெவ்_பொரளை:
எக்ஸ்264 வேறு கதை. லிப்எக்ஸ்264-டெவ் இருந்தாலும் -டிஜிபிஎல்=எனேபிள்ட் (ஜிபிஎல் உரிமமுள்ளவற்றையும் கட்டச் சொல்லும் மெசன் ஆப்ஷன்) கொடுக்காமல் அது கட்டப்படாது. ஆட்டோவில் இருக்கும் ஆப்ஷன்களுக்கு டிபென்டன்சி இல்லாவிட்டால் மெசன் சத்தமில்லாமல் தாண்டிப் போகும். அக்லி (உரிமச் சிக்கல் வரக்கூடிய) பிளகின்களின் எக்ஸ்264 ஆப்ஷனையும் எனேபிள்ட் என்று போடுங்கள், குறை இருந்தால் செட்அப்பிலேயே நின்று சொல்லும்.

பிளகின் கட்டப்பட்டும் காணாவிட்டால் ஜிஎஸ்டி-இன்ஸ்பெக்ட்-1.0 -பி கொடுங்கள், லோட் ஆகாமல் பிளாக்லிஸ்ட் ஆனவை வரும். அந்த .எஸ்ஓ கோப்புக்கு எல்டிடி ஓட்டினால் 'நாட் ஃபவுண்ட்' வரியில் எது இல்லையென்று தெரியும்.

வெள்ளவத்தை_வீடியோ:
நன்றி. --வெர்ஷனில் 1.24, 1.20.3 என்று இரண்டும் வேறுதான். /ஆப்ட்டில் கட்டிய பின் டெர்மினலில் எக்ஸ்264என்க் உட்பட எல்லாம் சரி. பின்னணியில் இயங்கும் சிஸ்டம்டி சர்விஸாக ஓட்டினால் மட்டும் மறுபடி 1.20.

கொட்டாஞ்சேனை_கேபிள்:
அந்தப் பாத் வரிகளை பாஷ்ஆர்சியில் (டெர்மினலின் தொடக்கக் கோப்பு) எழுதியிருப்பீர்கள், சிஸ்டம்டி அதை வாசிக்காது. யூனிட் கோப்பில் என்விரான்மென்ட்= வரியாகப் போட்டு டீமன்-ரீலோட் கொடுங்கள். நிரலுக்கு செட்கேப்பில் சிறப்பு அனுமதி ஏதும் கொடுத்திருந்தால் லோடர் எல்டி_லைப்ரரி_பாத்தைக் கணக்கிலேயே எடுக்காது. அப்போது நிரலை லிங்க் செய்யும்போதே ஆர்பாத்தாக (நிரலுக்குள்ளேயே எழுதும் தேடல் முகவரி) /ஆப்ட்/ஜிஎஸ்டி124/லிப் கொடுக்க வேண்டும்.