வளைகுடாத் தொழிலதிபர் இங்கே எம்.எல்.ஏ. ஆவது: தாமஸ் சாண்டியை வைத்துச் சில சந்தேகங்கள்

நாஞ்சிலான்:
குவைத் சாண்டி என்றே பெயர் வாங்கிய தாமஸ் சாண்டியைப் பற்றித் தேடிக்கொண்டிருக்கிறேன். குவைத்தில் பள்ளிக்கூடம் நடத்திப் பெரிய ஆளானவர். 2006, 2011, 2016 என மூன்று முறை குட்டநாட்டு எம்.எல்.ஏ. 2017 ஏப்ரலில் கேரளப் போக்குவரத்து அமைச்சர், அதே நவம்பரில் ராஜினாமா. எங்கே தேடினாலும் ரிசார்ட் சர்ச்சைதான் வருகிறது. எனக்குத் தெரிய வேண்டியது அதன் பின்னால் உள்ள சட்டம். வெளிநாட்டில் தொழில் வைத்திருப்பவர் இங்கே தேர்தலில் நிற்க என்னென்ன வேண்டும்? எந்த இடத்தில் மாட்டிக்கொள்கிறார்கள்? சாண்டியைக் கவிழ்த்தது குவைத் தொழிலா, ஆலப்புழை நிலமா?

தென்றல்79:
வெளிநாட்டில் இருப்பவர் நிற்கவே முடியாது என்றுதான் கேள்வி. ஆறு மாதம் ஊரில் இல்லையென்றால் பட்டியலில் பெயரையே எடுத்துவிடுவார்களே.

வேட்புமனு:
தென்றல், அது பழைய நிலைமை. 2010 திருத்தத்தில் மக்கள் பிரதிநிதித்துவச் சட்டம் 1950இல் 20ஏ பிரிவைச் சேர்த்தார்கள், 2011 பிப்ரவரியில் நடைமுறைக்கு வந்தது. வேலைக்கோ தொழிலுக்கோ வெளிநாட்டில் இருப்பவர், அந்த நாட்டுக் குடியுரிமை வாங்காதவராக இருந்தால், படிவம் 6ஏ கொடுத்துப் பாஸ்போர்ட்டில் உள்ள ஊர் முகவரிக்கே வாக்காளர் ஆகலாம். வாக்காளர் அட்டை தர மாட்டார்கள். ஓட்டுப் போட அசல் பாஸ்போர்ட்டோடு நேரில் வர வேண்டும்.

நாஞ்சிலான், இதில் எல்லாவற்றுக்கும் அடிப்படை குடியுரிமை. வளைகுடா நாடுகள் வெளிநாட்டவருக்குச் சாதாரணமாகக் குடியுரிமை தருவதில்லை. முப்பது வருஷம் குவைத்தில் இருந்தவர் கையிலும் இந்தியப் பாஸ்போர்ட்தான் இருக்கும். கேரள அரசியலுக்கு வளைகுடாவிலிருந்து இத்தனை தொழிலதிபர்கள் வர முடிந்ததற்கு இது முக்கியக் காரணம். அமெரிக்கா, ஜெர்மனி போனவர்களுக்குத்தான் சிக்கல். அந்த நாட்டுப் பாஸ்போர்ட் வாங்கிய அன்றே இந்தியக் குடியுரிமை போய்விடும். ஓ.சி.ஐ. அட்டை (வெளிநாட்டுக் குடியுரிமை வாங்கிய இந்திய வம்சாவளியினருக்குத் தருவது) வைத்திருப்பவர் விவசாய நிலம் தவிர மற்ற நிலம் வாங்கலாம், தொழில் செய்யலாம், ஓட்டுப் போடவோ நிற்கவோ முடியாது.

தெலங்கானாவின் வேமுலவாடா எம்.எல்.ஏ.வாக இருந்த சென்னமனேனி ரமேஷ் தொழிலதிபர் இல்லை, ஆனாலும் இந்த வழக்கைக் கட்டாயம் படிக்க வேண்டும். ஜெர்மன் குடிமகனாக இருந்தவர், 2009இல் இந்தியக் குடியுரிமை திரும்பப் பெற்று அதே வருஷம் ஜெயித்தார். விண்ணப்பத்துக்கு முந்தைய 12 மாதம் தொடர்ந்து இந்தியாவில் இருந்திருக்க வேண்டும் என்பது விதி. அந்தக் காலத்தில் வெளிநாடு போனதை மறைத்தார் என்று உள்துறை அமைச்சகம் குடியுரிமையை ரத்து செய்தது. வழக்கு இழுத்துக்கொண்டே போய், 2024 டிசம்பரில் தெலங்கானா உயர் நீதிமன்றம் அவர் ஜெர்மன் குடிமகன்தான் என்று தீர்ப்புச் சொல்லி 30 லட்சம் ரூபாய் செலவுத்தொகையும் விதித்தது. அதற்குள் அவர் பல முறை ஜெயித்து, பதவிக்காலமும் முடிந்திருந்தது.

குடியுரிமையில் சிக்கல் இல்லையென்றால் மிச்சம் மற்ற வேட்பாளர்களுக்கு உள்ளதேதான். வயது 25. சட்டமன்றத்துக்கு அந்த மாநிலத்தின் ஏதாவது ஒரு தொகுதியில் வாக்காளராக இருக்க வேண்டும், மக்களவைக்கு நாட்டின் எந்தத் தொகுதியிலும் இருக்கலாம். நிற்கும் தொகுதி வேறென்றால் வாக்காளர் பட்டியலின் சான்றளித்த நகலை மனுவோடு வைக்க வேண்டும். அங்கீகரிக்கப்பட்ட கட்சி வேட்பாளருக்கு முன்மொழிபவர் ஒருவர் போதும், சுயேச்சைக்குப் பத்துப் பேர். டெபாசிட் சட்டமன்றத்துக்கு 10,000, மக்களவைக்கு 25,000, பட்டியல் சாதி, பழங்குடி வேட்பாளர்களுக்குப் பாதி.

மனுவை முன்மொழிபவரே கொண்டுபோய்க் கொடுக்கலாம், வேட்பாளர் ஊரில் இல்லாவிட்டாலும் நடக்கும். இதை நம்பி வெளிநாட்டிலேயே இருப்பவர்கள், அரசியலமைப்புக்கு உண்மையாக இருப்பேன் என்று வேட்பாளர் எடுக்க வேண்டிய உறுதிமொழியில் கோட்டை விடுகிறார்கள். மனு தாக்கல் ஆன பிறகு, பரிசீலனை நாளுக்கு முந்தைய நாளே உறுதிமொழி எடுத்து முடித்திருக்க வேண்டும். வெளிநாட்டில் இருந்தால் இந்தியத் தூதரக அதிகாரி முன்னால் எடுக்கலாம். பரிசீலனை நாள் காலையில் ஓடி வந்து எடுத்தால் செல்லாது.

கைநகரிக்காரர்:
கடைசிக் கேள்விக்கு நேரடியான பதில்: நிலம். அதைவிடவும், நிலத்தை அவர் கையாண்ட விதம்.

சாண்டிக்குத் தொடர்புள்ள வாட்டர் வேர்ல்ட் டூரிசம் கம்பெனி நடத்தியது ஆலப்புழை லேக் பேலஸ் ரிசார்ட். வாகன நிறுத்தத்துக்கும் பாதைக்கும் நெல்வயலை நிரப்பினார்கள், மார்த்தாண்டம் காயலிலும் மண் போட்டார்கள் என்பது குற்றச்சாட்டு. கேரளத்தின் நெல்வயல், ஈரநிலப் பாதுகாப்புச் சட்டம் 2008 இருக்கிறதே, அதன்படி நிரப்பிய வயலைப் பழைய நிலைக்குக் கொண்டுவரக் கலெக்டருக்கு அதிகாரம் உண்டு. நிலத்தின் உரிமையாளர் யார் என்பது இதில் இரண்டாம்பட்சம். வருவாய்ப் பதிவேட்டில் அது நெல்வயலா, வயலின் தன்மை மாறியிருக்கிறதா என்றுதான் பார்ப்பார்கள். குட்டநாடோ கடல்மட்டத்துக்குக் கீழே வரப்புக் கட்டி நெல் விளைவிக்கிற பூமி. அந்தத் தொகுதியின் எம்.எல்.ஏ. மேல் வயலை நிரப்பிய புகார் வந்தால் மக்கள் அதைச் சின்ன விஷயமாக எடுத்துக்கொள்ள மாட்டார்கள், எடுத்துக்கொள்ளவும் கூடாது.

கலெக்டர் டி.வி. அனுபமா விதிமீறல் நடந்திருக்கிறது என்று அறிக்கை கொடுத்தார். சாண்டி அதோடு நின்றிருந்தால் மாதக்கணக்கில் இழுத்திருக்கலாம். அமைச்சராக இருந்துகொண்டே அந்த அறிக்கையை எதிர்த்து உயர் நீதிமன்றம் போனார். அறிக்கை கொடுத்தது அரசாங்கத்தின் அதிகாரி, எதிர்த்தவர் அதே அரசாங்கத்தின் அமைச்சர். அமைச்சரவையின் கூட்டுப்பொறுப்பு எங்கே போனது என்று நவம்பர் 14 அன்று நீதிமன்றம் கடுமையாகக் கேட்டது. மறுநாள் அமைச்சரவைக் கூட்டத்துக்கு இந்தியக் கம்யூனிஸ்ட் கட்சி அமைச்சர்கள் வரவில்லை. அன்றே ராஜினாமா. தனிப்பட்ட முறையில் வழக்குப் போட வேண்டுமென்றால் முதலில் பதவியை விட்டுவிட்டுப் போட்டிருக்க வேண்டும், வரிசை தலைகீழாகிவிட்டது.

எம்.எல்.ஏ. பதவிக்கு ஒன்றும் ஆகவில்லை. 2019 டிசம்பரில் இறக்கும் வரை குட்டநாடு அவரிடமே இருந்தது. 2021இல் அவர் தம்பி தாமஸ் கே. தாமஸ் அங்கே ஜெயித்தார்.

கணக்குப்பிள்ளை:
பணம் சம்பந்தமாக யாரும் தொடவில்லை, அதனால் எழுதுகிறேன்.

வேட்பாளர், எம்.எல்.ஏ., எம்.பி., கட்சி எவருமே வெளிநாட்டுப் பங்களிப்பு வாங்கக் கூடாது, எஃப்.சி.ஆர்.ஏ. என்கிற வெளிநாட்டுப் பங்களிப்பு ஒழுங்குமுறைச் சட்டத்தின் 3ஆம் பிரிவு. இந்தியக் குடிமகன் தன் சொந்தச் சேமிப்பை வங்கி வழியாக அனுப்பினால் அது வெளிநாட்டுப் பங்களிப்பு ஆகாது. அதே ஆள் துபாயில் பதிவான தன் கம்பெனியின் கணக்கிலிருந்து அனுப்பினால் ஆகும். கம்பெனி முழுக்க அவருடையதாகவே இருந்தாலும் சட்டத்தின் கண்ணில் அது வெளிநாட்டு நிறுவனம். வெளிநாட்டுக் குடியுரிமை வாங்கிய நண்பர் அனுப்பினாலும் இதே கதைதான். முதலில் கம்பெனியிலிருந்து சம்பளமாகவோ டிவிடெண்டாகவோ தன் பெயருக்கு எடுத்து, அதற்கு ஆவணம் வைத்துக்கொண்டு, பிறகு அனுப்ப வேண்டும்.

தேர்தல் செலவுக்குத் தனி வங்கிக் கணக்கு, மனு தாக்கலுக்கு ஒரு நாள் முன்னதாகவாவது திறந்திருக்க வேண்டும். பெரிய மாநிலங்களில் உச்சவரம்பு மக்களவைக்கு 95 லட்சம், சட்டமன்றத்துக்கு 40 லட்சம். முடிவு வந்து 30 நாளில் கணக்குக் கொடுக்காவிட்டால் மூன்று வருஷம் வரை தகுதியிழப்பு.

மனுவோடு கொடுக்கும் படிவம் 26 பிரமாணப் பத்திரத்தில் 2019இலிருந்து வெளிநாட்டுச் சொத்தையும் ஐந்து வருஷ வருமானத்தையும் காட்ட வேண்டும், மனைவி அல்லது கணவருக்கும் சேர்த்து. ஒரு கட்டத்தையும் வெறுமனே விடாதீர்கள். எதுவும் இல்லையென்றால் 'இல்லை' என்று எழுத வேண்டும். நோட்டீஸ் கொடுத்தும் நிரப்பாத மனுவை நிராகரிக்கலாம் என்று 2013இலேயே உச்ச நீதிமன்றம் சொல்லிவிட்டது. அமெரிக்காவில் யூவேர்ல்ட் நிறுவனத்தைத் தொடங்கிய பெம்மசானி சந்திரசேகர் 2024இல் குண்டூரில் நின்றபோது 5,700 கோடிக்கும் மேல் குடும்பச் சொத்துக் காட்டினார், ஜெயித்து மத்திய இணை அமைச்சரும் ஆனார். பெரிய தொகை காட்டியதால் மட்டும் யாருக்கும் மனு போவதில்லை. மறைத்தால்தான் வழக்கு.

இன்னொன்று, மக்கள் பிரதிநிதித்துவச் சட்டம் 1951இன் 9ஏ பிரிவு. எந்த அரசின் சட்டமன்றத்துக்கு நிற்கிறீர்களோ அந்த அரசுக்குச் சரக்கு சப்ளை, கட்டுமான வேலை என்று நடப்பிலுள்ள ஒப்பந்தம் உங்கள் பெயரில் இருக்கக் கூடாது. வேலையை முழுசாக முடித்து, பில் பணம் மட்டும் வர வேண்டியிருந்தால் பரவாயில்லை. ஊருக்குத் திரும்பிச் சொந்தப் பெயரில் கான்ட்ராக்ட் எடுத்தவர்கள் இதை முதலில் பார்க்க வேண்டும்.

நாஞ்சிலான்:
மூவருக்கும் நன்றி. ஜெயித்த பிறகு அங்கே போய்த் தொழிலைப் பார்க்கத் தடை உண்டா? அமைச்சரானால்?

வேட்புமனு:
உறுப்பினராக மட்டும் இருந்தால் தொழிலுக்குத் தடையில்லை. ஆனால் அவையின் அனுமதி இல்லாமல் 60 நாள் எல்லாக் கூட்டங்களுக்கும் வராவிட்டால் இடம் காலி என்று அவை அறிவிக்கலாம். மாநிலத்துக்கு அரசியலமைப்பின் 190(4), நாடாளுமன்றத்துக்கு 101(4). கூட்டத்தொடர் முடித்துவைக்கப்பட்ட நாட்களும், தொடர்ந்து நான்கு நாளுக்கு மேல் ஒத்திவைத்த நாட்களும் இந்த 60இல் சேராது, அதனால் நடைமுறையில் இது நீண்ட காலம். விடுப்பு வேண்டுமென்றால் போகும் முன்பே எழுத்தில் கேட்டு வாங்கிவிடுவது நல்லது.

அமைச்சருக்கு நடத்தை விதி வேறு. பங்குகளை வைத்துக்கொள்ளலாம், நிர்வாகத்திலிருந்து முழுதாக விலக வேண்டும். பொறுப்பை, ஏற்கெனவே அந்தத் தொழிலில் தொடர்புள்ள, குடும்பத்தில் வயது வந்த ஒருவருக்கு மாற்றலாம், மனைவிக்கோ கணவருக்கோ மட்டும் கூடாது. டைரக்டர் பதவி ராஜினாமாவைக் கம்பெனிப் பதிவாளரிடம் தாக்கல் செய்துவிட்டுப் பதவியேற்பதுதான் முறை.