97 மாருதி 800, பாடி வேலைக்கு வண்டிய எதுவரைக்கும் கழட்டணும்?

உப்புக்காத்து (தூத்துக்குடி)

எல்லாருக்கும் வணக்கம். அப்பாவோட 1997 மாருதி 800 ஒண்ணு வீட்ல நிக்குது. கார்புரேட்டர் வண்டி, 4 கியர், ஏசி கிடையாது, வெள்ளை கலர். ஆறு வருஷமா வேப்பமரத்தடியில தார்ப்பாய் போத்தி கெடந்துச்சு, நம்ம ஊர்க் காத்து பத்தி சொல்லவே வேண்டாம், இரும்பு எதையும் விட்டு வைக்காது. போன மாசம் பேட்டரி மாத்தி, டேங்க்ல இருந்த பழைய பெட்ரோல எடுத்துட்டு புதுசு ஊத்தி, பாயிண்ட்டும் பிளக்கும் சுத்தம் பண்ணி அடிச்சதுல இஞ்சின் ஸ்டார்ட் ஆயிருச்சு, புகை கூட பெருசா இல்ல. பாடிதான் பிரச்சனை. டிரைவர் பக்கம் மிதியடிய தூக்கினா தரை தெரியுது, சும்மா சொல்லல, நிஜமாவே ரோடு தெரியுது. ரெண்டு பக்கமும் மட்காட் அடில ஓட்டை, டோர் நாலுக்கும் கீழ் விளிம்பு பொரிஞ்சு கெடக்கு, டிக்கில ஸ்டெப்னி குழில தண்ணி நிக்குது.

ஊர்ல ஒரு பட்டறைல கேட்டேன், நீங்களே எல்லாத்தையும் கழட்டி வெறும் பாடியா கொண்டாங்க, கூலி பாதியா குறையும்னு சொன்னாங்க. எங்கிட்ட ஸ்பேனர் செட் இருக்கு, வீட்டு முன்னாடி ஷெட் இருக்கு, சனி ஞாயிறு லீவு. இஞ்சின், கியர்பாக்ஸ், வயரிங், கண்ணாடி எல்லாத்தையும் இறக்கிட்டு வெறும் கூடு ஆக்கிரலாம்னு பிளான். அப்படியே கலரையும் சிவப்பா மாத்திரலாம்னு ஒரு ஆசை. எங்கேருந்து ஆரம்பிக்கணும், என்ன தப்பு பண்ணக் கூடாதுன்னு அனுபவம் உள்ளவங்க சொல்லுங்க. அப்பா திண்ணைல உக்காந்து "கழட்டத் தெரிஞ்சா போதுமாலே"ன்னு கேட்டுட்டு இருக்காரு.


பத்தாம்நம்பர்ஸ்பேனர் (கோயமுத்தூர்)

உங்க அப்பா கேட்டது நூத்துக்கு நூறு சரிங்க. நானும் இதே வேலைய 94 மாடல்ல பண்ணினேன். கழட்ட ரெண்டு வாரக் கடைசி ஆச்சு, மாட்ட பதினாலு மாசம் ஆச்சுங்க, இடைல ஒரு தடவ வித்துரலாம்னு இரும்புக்கடைக்காரர கூட்டிட்டு வந்து ரேட் கேட்டதும் உண்டு.

டூல் பத்தி மொதல்ல. 10, 12, 14, 17, இந்த நாலு சைஸ் பாக்ஸ் ஸ்பேனரும் ரிங்கும் நல்ல கம்பெனில இருந்தா வண்டில முக்காவாசி கழண்டுரும், ஜப்பான் டிசைன் எல்லாமே அப்படித்தான். ஸ்டார் ஸ்க்ரூதான் வம்பு. நம்ம சாதா ஸ்டார் டிரைவர் ஜப்பான் ஸ்க்ரூல முழுசா உக்காராது, வழுக்கிட்டு மேல வரும், தலை மொட்டையாயிரும். டோர் லாக் மாட்டுற ஸ்ட்ரைக்கர் ஸ்க்ரூ எல்லாம் சுத்தியல்ல அடிச்சா திரும்புற இம்பாக்ட் டிரைவர் இல்லாம தொடாதீங்க. துருப்பிடிச்ச போல்ட்டுக்கு முந்தின நாள் ராத்திரியே துரு விடுற ஸ்ப்ரே அடிச்சு ஊற விட்டுருங்க, காலைல அடிச்சு காலைலயே திருப்பினா உடையத்தான் செய்யும்.

பேட்டரி மொதல்ல, அதுலயும் மைனஸ் மொதல்ல. அப்புறம் சீட்டு, கார்பெட். டோர் பேட் எடுக்கணும்னா கண்ணாடி ஏத்துற கைப்பிடி எப்படி வருதுன்னு நான் அரை நாள் மண்டைய ஒடச்சேன். கைப்பிடிக்குப் பின்னாடி குதிரை லாடம் மாதிரி ஒரு ஸ்பிரிங் கிளிப் இருக்குங்க, பழைய வேட்டித் துணிய ஒரு பட்டை கிழிச்சு கைப்பிடிக்கும் பேடுக்கும் நடுவுல விட்டு ஷூ பாலீஷ் போடுற மாதிரி இப்படியும் அப்படியும் இழுங்க, கிளிப் தெறிச்சு வரும். கண்ணுல படாம பாத்துக்குங்க, எங்க விழுதுன்னும் பாத்துக்குங்க, எனக்கு ஒண்ணு இன்னும் கிடைக்கல.

கண்ணாடி முன்னும் பின்னும் ரப்பர் பீடிங்லதான் நிக்குது. பழைய பீடிங்க காப்பாத்தணும்னு நினைக்காதீங்க, காஞ்சு கருவாடா இருக்கும், வெளில இருந்து உதட்ட பிளேடால அறுத்துட்டு உள்ள இருந்து ஒருத்தர் மெதுவா தள்ள வெளில ரெண்டு பேர் தாங்கணும். மாட்டும்போது புது பீடிங் குழில நைலான் கயிறு சுத்தி சோப்புத் தண்ணி போட்டு உள்ள இருந்து கயிற இழுத்துட்டே வந்தா உக்காந்துரும். எடுத்த கண்ணாடிய சுவத்துல சாய்ச்சு வச்சு பூனை தள்ளிவிட்ட கதை எங்க வீட்டுது. மெத்தைல படுக்க வைங்க.

ரொம்ப முக்கியம், போல்ட்ட எல்லாம் ஒரே டப்பால போடாதீங்க. முடிஞ்ச வரைக்கும் அந்தந்த ஓட்டைலயே கையால திருகி விட்டுருங்க, முடியாதத ஜிப் கவர்ல போட்டு பேர் எழுதுங்க. வயருக்கு மாஸ்கிங் டேப் ஒட்டி மார்க்கர்ல எழுதி, கழட்டுறதுக்கு முந்தி ஒரு போட்டோ, கழட்டின பிறகு ஒரு போட்டோ. டேஷ்போர்டு இழுக்குறதுக்கு முன்னாடி மீட்டர் பின்னாடி ஸ்பீடோமீட்டர் கேபிள விடுவிங்க, மறந்து இழுத்தா கேபிள் போச்சு.


சும்மா_சுரேசு

ப்ரோ இவ்வளவு செலவுக்கு 2010 மாடல் நல்ல 800ஏ வாங்கிரலாமே. எதுக்கு இந்த வேலை.


உப்புக்காத்து

@சும்மா_சுரேசு வாங்கலாம் ப்ரோ, ஆனா அது அப்பா வண்டி ஆகாதுல்ல. இதுலதான் எங்கள ஸ்கூல்ல விட்டாரு.

@பத்தாம்நம்பர் அண்ணே ரொம்ப நன்றி, வேட்டித் துணி டெக்னிக் இப்பவே செஞ்சு பாத்தேன், ரெண்டு டோர் முடிஞ்சது. இஞ்சின இறக்க செயின் பிளாக் வாடகைக்கு சொல்லலாமா?


தகரத்தட்டி (மதுரை)

தம்பி, செயின் பிளாக் சொல்லாதீங்க, கொஞ்சம் நில்லுங்க. நான் டிங்கரிங் வேலைக்காரன், 28 வருஷமா இதே சுத்தியலும் டாலியும்தான் (டாலின்னா தகரத்துக்குப் பின்னாடி முட்டுக் கொடுக்குற இரும்புக் கட்டை). வெறும் கூடா கொண்டு வாங்கன்னு சொன்ன பட்டறைக்காரர் அதை எப்படி பட்டறைக்கு கொண்டு வரணும்னு சொன்னாரா? சக்கரமும் ஸ்டீயரிங்கும் இல்லாத கூட்ட நாலு பேர் தூக்கி குட்டியானைல ஏத்தி இறக்கும்போதே பாதி நெளிஞ்சிரும், அடி ஏற்கனவே இத்துப் போன வண்டி வேற. பட்டறைல இடம் மாத்தணும்னா தள்ள முடியாது, மூலைல போட்டுட்டு அடுத்த வண்டிய பாப்பாங்க. ஆறு மாசம் கழிச்சு நீங்க போனா உள்ள கோழி அடைஞ்சிருக்கும். அதனால சக்கரம், முன்னாடி சஸ்பென்ஷன், பின்னாடி ஆக்சில், ஸ்டீயரிங், ஹேண்ட்பிரேக் இதெல்லாம் வண்டிலயே இருக்கட்டும், உருள்ற வண்டியாதான் பட்டறைக்குப் போகணும்.

அடுத்தது கலர். வெள்ளைலயே விட்டீங்கன்னா இஞ்சின் இறக்க வேண்டாம், போனட்டுக்குள்ள தேய்ச்சு கழுவி பேட்டரி தட்டு பக்கம் மட்டும் துரு எடுத்து டச் அப் பண்ணிக்கலாம். சிவப்பாக்கணும்னா போனட்டத் தொறந்தா உள்ள வெள்ளையா இளிக்கும், டோர் தொறந்தா பில்லர் (டோர் மாட்டுற தூண்) வெள்ளை, டிக்கி உள்ளாற வெள்ளை. அத மறைக்கணும்னா இஞ்சின், வயரிங், டேஷ்போர்டு, ரூஃப் துணி அம்புட்டும் இறங்கணும். ஆக நீங்க எவ்வளவு கழட்டணும்ங்கிறத உங்க வண்டித் துருவ விட உங்க சிவப்பு ஆசைதான் தீர்மானிக்குது. யோசிச்சுக்கங்க.

இப்ப துருவுக்கு வருவோம். கார்பெட்ட எடுத்ததும் கீழ தார் ஷீட் ஒட்டிருக்கும், அதுக்கு அடிலதான் விஷயமே. ஹாட் ஏர் கன் காட்டி பட்டித் தகட்டால வழிச்சு எடுங்க. தண்ணி எங்கேருந்து வந்துச்சுன்னு பாக்காம ஓட்டைய அடைச்சா மூணு மழைல திரும்ப வரும். வேப்பமரத்தடின்னு சொன்னீங்கல்ல, வைப்பர் அடில இருக்க சல்லடை வழியா இலை விழுந்து தண்ணி போற வழிய அடைச்சிருக்கும், தண்ணி உள்ள இறங்கி டிரைவர் காலடில நின்னுருக்கும். டோர் அடில சின்னச் சின்ன ஓட்டை இருக்கும் பாருங்க, அதுவும் அடைஞ்சிருக்கும், அதான் விளிம்பு பொரிஞ்சது. ஸ்டெப்னி குழிக்கு டிக்கி ரப்பரையும் பின் லைட் ரப்பரையும் பாருங்க.

இனிமே சொல்றத நல்லா கேட்டுக்கங்க. ரன்னிங் போர்ட, அதாவது டோருக்கு அடில நீளமா ஓடுற பாடி விளிம்ப, ஸ்க்ரூ டிரைவர் பின்பக்கத்தால முன்னேருந்து பின் வரைக்கும் தட்டிட்டே போங்க. டங்குன்னா நல்லது, சொத்துன்னா உள்ள ஒண்ணுமில்ல. இந்த வண்டிக்கு தனியா சேசிஸ் கிடையாது, பாடிதான் சேசிஸ், நடுவுல வெயிட்ட தாங்குறது அந்த ரன்னிங் போர்டுதான். அது இத்திருந்தா டோரக் கழட்டாதீங்க. டோர் மாட்டுன நெலமைல, வண்டி சமமா நிக்க, உள்ள பில்லருக்கும் பில்லருக்கும் நடுவுல ஒரு பைப்ப முட்டுக் கொடுத்து வெல்டு வச்சுட்டு, ஒரு பக்கம் முழுசா முடிச்ச பெறகுதான் அடுத்த பக்கம் அறுக்கணும். டோரோட கேப்தான் நமக்கு ரசமட்டம். டோர் இல்லாம ரெண்டு பக்கமும் அறுத்துப் போட்ட ஒரு வண்டி எங்கிட்ட வந்துச்சு, வெல்டு சூப்பரா இருந்துச்சு, ஆனா பின் டோரு இன்ன வரைக்கும் மூடல.

டோர எடுத்தே ஆகணும்னா கீலச் சுத்தி மார்க்கர்ல கோடு போட்டுட்டு எடுங்க, போனட்டுக்கும் அதேதான். மட்காட் போல்ட்ல நிக்கிறது, புதுசே கிடைக்குது, பழச தட்டி பட்டி அப்பிக்கிட்டு இருக்காதீங்க. தரைக்கு 18 கேஜ் தகரம் போதும், அதாவது 1.2 மில்லி, ஒரிஜினலே அத விட மெலிசுதான். கேஸ் வெல்டிங் வேணாம், சூட்டுல தகரம் அப்பளமா பொரியும், கோ2 வெல்டிங் (கார்பன் டை ஆக்சைடு விட்டு கரண்டுல வைக்கிற வெல்டு) இருக்க பட்டறையா பாருங்க. ஓசில கிடைக்குதுன்னு ஜிஐ ஷீட் (துத்தநாகம் பூசின தகரம்) போட்டு வெல்டு வச்சீங்கன்னா அந்தப் புகைல ராத்திரி காய்ச்சல் வரும், எனக்கு வந்திருக்கு.

பெட்ரோல் டேங்கு பின் சீட்டுக்கு அடில இருக்கு, வெல்டிங்கு முன்னாடி இறக்கி வெளில வேற எடத்துல வச்சுருங்க. காலி டேங்குதானேன்னு விடாதீங்க, காலி டேங்குலதான் ஆவி நெறைஞ்சு நிக்கும், வெடிக்கிறது அதுதான். வண்டிக்கு அடில படுக்குறதா இருந்தா ஹாலோ பிளாக் கல்ல அடுக்கி வைக்காதீங்க, இத்துப் போன ரன்னிங் போர்டுல ஜாக்கியும் வைக்காதீங்க, பொத்துக்கிட்டு மேல ஏறிரும். பின்னாடி ஆக்சில், முன்னாடி கிராஸ் மெம்பர், அங்க ஸ்டாண்டு குடுங்க.


பழைய_மவுண்ட்ரோடு (சென்னை)

தகரத்தட்டி அண்ணன் சொன்னதுக்கு மேல வேலைல நான் ஒண்ணும் சொல்லப் போறதில்ல, ஆர்டிஓ பக்கம் மட்டும் சொல்றேன். கலர் மாத்தினா ஆர்சில ஏத்தணும், அப்ளை பண்ணாம பூசிட்டு போனா ரினியூவல் அன்னிக்கு இன்ஸ்பெக்டர் வண்டிய சுத்தி வந்துட்டு திருப்பி அனுப்பிருவாரு. 97 வண்டின்னா மொத 15 வருஷ ஆர்சி 2012ல முடிஞ்சு, அப்புறம் அஞ்சஞ்சு வருஷமா 17, 22ல புதுப்பிச்சிருந்தா அடுத்தது 2027. அது விட்டுப் போயிருந்தா மொதல்ல அத பாருங்க, பாடிக்கு காச கொட்டினதுக்கப்புறம் பேப்பர் இல்லன்னா அழுகைதான். பீஸும் 2022 ஏப்ரல்ல இருந்து காருக்கு 5000 ஆச்சு, 20 வருஷம் தாண்டின வண்டிக்கு அதுக்கப்புறம் இன்னும் ஏத்திட்டாங்க, கிரீன் டாக்ஸ் தனி.

சேசிஸ் நம்பர் அடிச்ச எடத்துல பட்டறைப் பசங்க கிரைண்டர் வைக்காம பாத்துக்கோங்க, பட்டியும் வைக்கக் கூடாது. பென்சில் பிரிண்ட் (நம்பர் மேல பேப்பர வச்சு பென்சிலால தேய்க்கிறது) எடுக்கும்போது நம்பர் மங்கலா இருந்தா நீங்க திருடனா இல்லையான்னு நிரூபிக்கவே ஒரு மாசம் ஆகும். வேலை ஆரம்பிக்கிறதுக்கு முன்னாடியே பிரிண்ட்டும் போட்டோவும் எடுத்து வைங்க, அந்த எடத்துல கிரீஸ் தடவி டேப் ஒட்டிருங்க.

800 வந்தது 1983 டிசம்பர்ல, நிறுத்தினது 2014ல, முப்பது வருஷம் ஓடின வண்டி, அதனால பார்ட்ஸுக்கு பஞ்சமில்ல. புதுப்பேட்டைல டோர், டிக்கி, கிரில், சுவிட்ச் எல்லாம் கழட்டினது கிடைக்கும். உங்க டோர் கூட எடுத்துட்டு வாங்க, போட்டோ காட்டி வாங்காதீங்க, 83ல வந்த பாடி வேற, 86ல வந்தது வேற, அதுக்கப்புறமும் சில்லறை சில்லறையா மாத்திட்டே இருந்தாங்க. துரு இல்லாத டோர்னு சொன்னா காந்தம் வச்சுப் பாருங்க, ஒட்டலன்னா உள்ள பூரா பட்டி.


உப்புக்காத்து

எல்லாருக்கும் நன்றி. சிவப்ப விட்டாச்சு, வெள்ளைதான். அப்பா ஒண்ணும் சொல்லல, உள்ள போய் டீ போட்டுக் கொண்டாந்தாரு. ஆர்சி 2027 மே வரைக்கும் இருக்கு.

சீட்டு, கார்பெட், டோர் பேட், பம்பர் ரெண்டும் எடுத்தாச்சு. வைப்பர் சல்லடைக்கு அடில கையவிட்டு ரெண்டு பக்கெட் வேப்பிலை மண்ணு எடுத்தேன், உள்ள ஒரு செடியே மொளைச்சிருந்துச்சு. ரன்னிங் போர்ட தட்டிப் பாத்தேன், இடது பக்கம் டங்குங்குது. டிரைவர் பக்கம் முன் சக்கரத்துக்குப் பின்னாடி ஒரு முழத்துக்கு சொத்து சொத்துங்குது, ஒரு எடத்துல ஸ்க்ரூ டிரைவரே உள்ள போயிட்டு. ரெண்டாவது, சீட் பெல்ட் போல்ட்டு ஒண்ணு பாதில நின்னுட்டு அசைய மாட்டேங்கு, 17 சைஸ், பைப் போட்டு இழுக்கவா?


தகரத்தட்டி (மதுரை)

இழுக்காதீங்க, தலை முறிஞ்சா அந்த நட்டு உள்ள வெல்டு வச்சது, பில்லரத்தான் அறுக்கணும். அரை சுத்து உள்ள திருப்புங்க, ஸ்ப்ரே அடிங்க, கால் சுத்து வெளில, திரும்ப உள்ள, அப்படியே ஆட்டி ஆட்டி எடுங்க, ஒரு மணி நேரம் ஆனாலும் பரவால்ல. மரை தேஞ்சிருந்தா கடைல கிடைக்கிற சாதா போல்ட்ட போட்டு ஒப்பேத்தாதீங்க, அது ஹை டென்சில், கழட்டின வண்டிலேருந்தே வாங்குங்க.

ரன்னிங் போர்டு ஒரு பக்கம் மட்டும்னா நீங்க அதிர்ஷ்டசாலி. டிரைவர் டோர இனிமே தொடாதீங்க, வேற ஒண்ணும் கழட்டாதீங்க. உள்ள வெளில போட்டோ எடுத்து இங்க போடுங்க, எந்த எடத்துல அறுக்கணும்னு கோடு போட்டுத் தாரேன், அத எடுத்துட்டு உங்க ஊர் பட்டறைக்குப் போங்க.


உப்புக்காத்து

சரிண்ணே. வெளிச்சம் போயிருச்சு, காலைல போடுதேன்.