ஃபிராங்கன்ஸ்டைன் விவாதம் மூளையிலேயே சிக்கி நிற்கிறது, யாராவது உதவுங்களேன்

எங்கள் வாசிப்பு வட்டத்தில் மேரி ஷெல்லியின் ஃபிராங்கன்ஸ்டைன் நாவல் போய்க்கொண்டிருக்கிறது; ஃபிராங்கன்ஸ்டைன் என்பவன் ஓர் உருவத்தைச் செய்து உயிர் கொடுத்துவிட்டு, அதைக் கைவிடுகிற கதை. எல்லாரும் கல்லூரிப் பிள்ளைகள். 1931 படத்தை முதலில் பார்த்துவிட்டார்கள், சிக்கல் அங்கேதான். அதில் உதவியாளன் நல்ல மூளை இருந்த ஜாடியைக் கீழே போட்டுவிட்டு, குற்றவாளியின் மூளையை எடுத்துப் போகிறான். அப்புறம் அந்த மூளை பொருத்திய உருவம் செய்யும் கொலைகளுக்கு யார் பொறுப்பு என்று கேட்டால், "மூளை சார்" என்று முடித்துவிடுகிறார்கள். 1818 நாவலில் அந்த மூளைக் கதையே கிடையாது.

நாவலில் சுவரிடுக்கு வழியாக ஒரு குடும்பத்தைப் பார்த்தே அந்த உருவம் மொழி கற்பதையும், மில்டனின் 'இழந்த சொர்க்கம்' படித்துவிட்டு, உன் ஆதாமாக இருக்க வேண்டியவன் நான் என்று படைத்தவனிடமே முறையிடுவதையும் வாசித்துக் காட்டினேன். உருகினார்கள், கருத்து மாறவில்லை. நாவலின் துணைத்தலைப்பில் பிரொமிதியஸ் இருக்கிறானே என்று அந்தக் கிரேக்கப் புராணத்தைச் சொன்னேன். களிமண்ணில் மனிதனைச் செய்ததை விட்டுவிட்டு, நெருப்பைத் திருடியது சரியா என்று கிளம்பிவிட்டார்கள். 1935இல் வந்த தொடர்ச்சிப் படத்தில் அந்த உருவம் பேசுகிறது, பார்வையற்ற துறவியோடு நட்பாகிறது. அதையும் போட்டேன். "உள்ளே அதே மூளைதானே சார்?" பதில் சொல்ல முடியவில்லை.

அடுத்த கூட்டம் வரும் சனிக்கிழமை. புரொஜெக்டர் உண்டு, நேரம்தான் குறைவு.

படைத்தவனின் பொறுப்பை நேராகக் கேட்க வைக்கிற, பத்து நிமிடத்துக்குள் முடிகிற ஒரே ஒரு காட்சி, எந்த அறிவியல் புனைவுப் படத்திலிருந்தாவது சொல்ல முடியுமா?